ஜாஹிதே சோன்கு: துருக்கியின் முதல் பெண் நட்சத்திரம் குறித்து அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஜாஹிதே சோன்கு யார்?

துருக்கித் திரையில் "ஸ்டார்" என்று மக்கள் கொண்டாடிய முதல் பெண். இஸ்தான்புல் நகர நாடகக் குழுவில் வளர்ந்தவர். 1933-இல் திரைக்கு வந்து, 1935-இல் வெளியான "பதக்லி தாமின் கிஸி அய்செல்" (சதுப்பு நிலத்து வீட்டுப் பெண் அய்செல்) படத்தால் நாடறிந்த முகமானார். 1949-இல் இயக்குநர் பொறுப்பையும் பகிர்ந்துகொண்டார். அடுத்த சில ஆண்டுகளிலேயே சொந்தத் தயாரிப்பு நிறுவனம் நடத்தினார். 1981 மார்ச் 18 அன்று இஸ்தான்புல்லில், வறுமையில் காலமானார்.

இவரைப் பற்றி எழுதுகிறவர்கள் பலரும் கடைசி வரியிலிருந்துதான் ஆரம்பிக்கிறார்கள்: அழகி, குடி, வீழ்ச்சி. வேலையைப் பற்றிப் பேச்சே வராது. இந்தப் பக்கத்தில் வேலைக்குத்தான் முதலிடம்.

பெயரை எப்படி உச்சரிப்பது? தேடும்போது சரியாகக் கிடைப்பதில்லையே?

ஜா-ஹி-தே. ஆங்கிலத்தின் "சி" எழுத்து துருக்கியில் "ஜ" ஒலியைத் தரும். அதனால்தான் ஆங்கில வழியே வந்த கட்டுரைகளில் "கஹிடே", "சகைட்" என்றெல்லாம் பார்க்கிறோம்.

தேடலில் இன்னொரு சிக்கல் உண்டு. துருக்கியில் எல்லாரும் குடும்பப் பெயர் வைத்துக்கொள்ள வேண்டும் என்ற சட்டம் 1934 ஜூனில்தான் நிறைவேறியது. அதற்கு முன்பு நடிகையின் பெயருக்குப் பின்னால் "ஹனிம்", அதாவது "அம்மையார்", என்று மட்டும் போடுவார்கள். ஆகவே 1935-க்கு முந்தைய நாடக நிகழ்ச்சி நிரல்களில் "சோன்கு" என்று தேடிக் கிடைக்கவில்லை என்றால், அவர் நடிக்கவில்லை என்று முடிவு கட்டிவிடக் கூடாது. "ஜாஹிதே ஹனிம்" என்றும் தேடுங்கள். இவருடைய பழைய பெயராகச் சொல்லப்படும் "ஜாஹிதே செராப்" என்பதையும் போட்டுப் பாருங்கள்.

இவருக்கு முன்னால் துருக்கிப் படங்களில் பெண் வேடம் போட்டவர்கள் யார்?

பெரும்பாலும் ஆர்மேனிய, கிரேக்க, ரஷ்யப் பெண்கள். உஸ்மானிய ஆட்சிக்காலத்தில் முஸ்லிம் பெண் மேடையேறத் தடை இருந்தது. நாடகக் குழுக்கள் ஆர்மேனியக் கலைஞர்களை நம்பியே இயங்கின. சினிமா அந்தக் குழுக்களிடமிருந்தே ஆட்களை எடுத்ததால் அதே வழக்கம் திரையிலும் தொடர்ந்தது. எலிசா பினெமெஜியான் போன்ற ஆர்மேனிய நடிகைகளின் உழைப்பு இல்லாமல் அந்தத் தொடக்கக் காலமே கிடையாது. "முதல் துருக்கிப் பெண்" என்ற பட்டத்தைத் தேடும் அவசரத்தில் அவர்களை விட்டுவிடுவது பெரிய அநியாயம்.

அப்படியென்றால் "முதல்" யார்? அஃபிஃபே ஜாலேயா, பெதியா முவஹ்ஹித்தா, ஜாஹிதேயா?

மூவருமே "முதல்"தான். ஆனால் வேறு வேறு விஷயத்தில். இதைக் குழப்பிக்கொள்வதுதான் இணையத்தில் அதிகம் தென்படும் பிழை.

மேடையில் முதல்வர் அஃபிஃபே ஜாலே. 1920-இல் இஸ்தான்புல்லின் கடிகோய் பகுதியில் அப்போலோன் அரங்கில் "யமலார்" நாடகத்தில் நடித்தார். எலிசா பினெமெஜியான் வெளிநாடு போய்விட்டதால் காலியான வேடம் அது. அடுத்தடுத்த நாடகங்களுக்குப் போலீஸ் தேடி வந்தது. 1921-இல் முஸ்லிம் பெண்கள் மேடையேறக் கூடாது என்று உத்தரவே போட்டார்கள். குழுவிலிருந்து அவர் நீக்கப்பட்டார். பிறகு மார்ஃபின் பழக்கத்துக்கு ஆளாகி, 1941-இல் மனநல மருத்துவமனையில் இறந்தார்.

திரையில் முதல்வர்கள் பெதியா முவஹ்ஹித், நெய்யிரே நெயிர் இருவரும். 1923-இல் வந்த "ஆதெஷ்தென் கோம்லெக்" (நெருப்புச் சட்டை) படத்தில் இருவரும் நடித்தார்கள். ஹாலிதே எதிப் எழுதிய விடுதலைப் போர் நாவலின் படவடிவம் அது. கதாநாயகி வேடத்தில் துருக்கிப் பெண்தான் நடிக்க வேண்டும் என்று நாவலாசிரியை நிபந்தனை போட்டதால்தான் அந்தக் கதவு திறந்தது. பெதியா ஏற்கெனவே நடிகர் முவஹ்ஹித்தின் மனைவி, பிரெஞ்சு தெரிந்தவர், பள்ளியில் ஆசிரியையாக இருந்தவர். நெய்யிரே நெயிர் பத்திரிகை விளம்பரத்தைப் பார்த்து வந்தவர். அதே ஆண்டு ஜூலையில் இஸ்மிர் நகரில், நவீன துருக்கியை நிறுவிய தலைவர் அதாதுர்க் முன்னிலையில் பெதியா மேடையிலும் நடித்தார். அதன்பின் தடை என்ற பேச்சு மெல்ல அடங்கியது. 1994-இல் இறக்கும்வரை அவருக்கு மரியாதை குறையவில்லை.

ஜாஹிதே "முதல்" ஆவது நட்சத்திரம் என்ற வகையில். படத்தின் பெயரைவிட நடிகையின் பெயருக்காக டிக்கெட் வாங்கும் பழக்கம் அவரோடுதான் துருக்கியில் வேரூன்றியது. பெண் இயக்குநர் என்ற வகையிலும் அவரே முதல். அதற்குக் கீழே தனிக் கேள்வி இருக்கிறது.

1923-ஆம் ஆண்டு "நெருப்புச் சட்டை" இணையத்தில் இருக்கிறதா?

முழுப் படமாகப் பார்க்கக் கிடைப்பதில்லை. அந்தப் பெயரில் துண்டுக் காட்சிகள் எங்காவது கண்ணில் பட்டால் முதலில் ஒன்றைச் சோதியுங்கள்: நடிகர்கள் பேசுவது கேட்கிறதா? கேட்டால் அது 1950-இல் வெதாத் ஓர்ஃபி பெங்கு எடுத்த மறுபதிப்பு. 1923-ஆம் ஆண்டுப் படம் ஊமைப்படம். அதோடு 1923-இல் துருக்கி எழுத்து அரபு லிபியில் இருந்தது. லத்தீன் எழுத்துக்கு மாறியது 1928 நவம்பரில். ஆகவே சுவரொட்டியில் இன்றைய துருக்கி எழுத்து இருந்தால் அது அந்தக் காலத்து அசல் அல்ல.

நாடகத்திலிருந்து சினிமாவுக்கு எப்படி வந்தார்? இரண்டையும் எப்படிச் சமாளித்தார்கள்?

அன்று சினிமா நடிகர் என்று தனியாக யாரும் இல்லை. 1914-இல் தொடங்கிய "தாருல்பெதாயி" என்ற நகர நாடகக் குழுதான் (1934-இல் இஸ்தான்புல் நகர நாடக அரங்கம் என்று பெயர் மாறியது) எல்லாருக்கும் தாய்வீடு. அதன் தலைமையில் இருந்த முஹ்சின் எர்துருல்தான் 1922 முதல் 1930-களின் கடைசி வரை கிட்டத்தட்ட எல்லாத் துருக்கிப் படங்களையும் இயக்கினார். ஜாஹிதே 1930-களின் தொடக்கத்தில் அந்தக் குழுவில் சேர்ந்தார்.

வேலை ஆண்டு இப்படி ஓடும்: குளிர்காலம் முழுக்க மேடை, கோடையில் அரங்கம் மூடியதும் ஷூட்டிங். இதன் விளைவைப் படங்களிலேயே பார்க்கலாம். ஒத்திகைக்கு நாள் கிடைக்காது. மேடையில் பழகிய ஜோடிகளே திரையிலும் ஜோடி. வசனத்தைக் கடைசி வரிசைக்குக் கேட்கிற மாதிரி உரக்கச் சொல்லும் வழக்கம் மைக் முன்னாலும் போகவில்லை. நடிகையின் கால்ஷீட்டைத் தீர்மானித்தது நாடகச் சீசன்தான். தயாரிப்பாளருக்கு அதில் பெரிய பிடி இல்லை.

ஜாஹிதே நடித்த முதல் படம் 1933-இல் வந்த "சோஸ் பிர் அல்லாஹ் பிர்". தயாரிப்பு இபெக் பிலிம். இந்த நிறுவனத்தை நடத்திய இபெக்சி சகோதரர்கள் நிஷாந்தாஷி பகுதியில் இருந்த பழைய பேக்கரிக் கட்டடத்தை 1932-இல் ஒலிப்படக் கூடமாக மாற்றியிருந்தார்கள். அதற்கு முன் 1931-இல் எடுத்த முதல் பேசும் படத்துக்கு ஒலி சேர்க்கப் பாரிஸ் போக வேண்டியிருந்தது. ஜாஹிதே வந்த நேரம் நல்ல நேரம்: உள்ளூரிலேயே ஒலி பதிவாகத் தொடங்கிய மறு ஆண்டு.

"அய்செல்" படத்தில் அப்படி என்ன விசேஷம்?

துருக்கி சினிமாவின் முதல் கிராமத்துப் படம் என்று இதைச் சொல்வார்கள். அதற்கு முன் வந்தவை பெரும்பாலும் மேடை நகைச்சுவைகள், இசை நாடகங்கள். எல்லாம் நான்கு சுவருக்குள். இதை புர்சா நகருக்கு அருகிலுள்ள சாலி கிராமத்தில் எடுத்தார்கள். மூலக்கதை ஸ்வீடன் எழுத்தாளர் செல்மா லாகர்லோஃப் எழுதியது. 1917-இல் ஸ்வீடனிலேயே ஊமைப்படமாக வந்த கதை. எர்துருல் 1920-களின் நடுவில் சோவியத் ஒன்றியத்தில் படம் இயக்கிவிட்டு வந்தவர். வயல், வானம், உழைக்கும் முகங்கள் என்று கேமரா நின்று பார்க்கும் விதத்தில் அந்தப் பயிற்சி தெரியும். இசை ஜெமால் ரெஷித் ரெய். துருக்கியின் மேற்கத்திய செவ்வியல் இசையில் முன்னோடிகளில் ஒருவர்.

கதையின் உயிர் நீதிமன்றக் காட்சியில் இருக்கிறது. ஏழைப் பெண் அய்செல், வேலை பார்த்த வீட்டு முதலாளியால் தாயாகிறாள். குழந்தை தன்னுடையதல்ல என்று அவன் மறுக்கிறான். வழக்கு நீதிபதி முன் வருகிறது. அவன் சத்தியம் செய்து மறுக்கத் தயாராகும்போது, அய்செல் வழக்கைத் திரும்பப் பெறுகிறாள். தன் குழந்தையின் தகப்பன் பொய்ச் சத்தியம் என்ற பாவத்தைச் சுமக்கக் கூடாது என்பதற்காக, தன் மானத்தையே விட்டுக்கொடுக்கிறாள். அந்தச் செயலைப் பார்த்த அலி என்ற இளைஞனின் வீட்டில் அவளுக்கு வேலை கிடைக்கிறது. அலியாக நடித்தவர் தலாத் அர்தெமெல். பின்னாளில் ஜாஹிதேயின் கணவரும் ஆனார்.

இந்தக் காட்சியை அழுகையும் கூச்சலுமாக நடித்திருந்தால் படம் அன்றோடு மறந்து போயிருக்கும். ஜாஹிதே அடக்கி வாசிக்கிறார். சுற்றி இருப்பவர்கள் மேடை நடிப்பில் கையை வீசிக்கொண்டிருக்க, அவர் முகத்தைத் தாழ்த்திக்கொண்டு நிற்பதே பார்வையை இழுக்கிறது. கேமராவுக்கு எவ்வளவு குறைவாகச் செய்தால் போதும் என்பது அவருக்குத் தெரிந்திருந்தது. அந்தத் தலைமுறை மேடை நடிகர்களில் இது அரிது.

எர்துருல் படங்கள் எல்லாமே "மேடை நாடகத்தைப் படம் பிடித்தது" என்கிறார்களே? பார்ப்பது வீணா?

குறை உண்மைதான். அகலமான ஷாட், தலை முதல் கால் வரை நடிகர், கதவு வழியாக வருவது, வசனம் சொல்வது, கதவு வழியாகப் போவது. அடுத்த தலைமுறை இயக்குநர்கள் இவரைக் கடுமையாகச் சாடியதற்குக் காரணம் இருந்தது. ஆனால் படம் எடுக்கத் தெரிந்த இன்னொருவர் அன்று நாட்டில் அநேகமாக இல்லை. ஜாஹிதே கற்றுக்கொண்டது அந்தக் கூடத்தில்தான். "அய்செல்" அந்தக் குறைக்கு நல்ல விதிவிலக்கு. அதைப் பார்த்துவிட்டு மற்றவற்றைப் பற்றி முடிவு செய்யுங்கள்.

"ஷெஹ்வெத் குர்பானி" எப்படிப்பட்ட படம்?

1940-இல் வந்தது. பெயருக்கு "காமத்தின் பலி" என்று பொருள். குடும்பஸ்தனான வங்கி ஊழியர் பயணத்தில் ஒரு பெண்ணிடம் மயங்கி, பணத்தையும் பெயரையும் இழந்து, உயிரோடிருந்தும் வீடு திரும்ப முடியாதவனாகிறான். ஹாலிவுட்டில் 1927-இல் எமில் யானிங்ஸ் நடித்த படத்தின் தழுவல். வங்கி ஊழியராக எர்துருலே நடித்தார். மயக்கும் பெண்ணாக ஜாஹிதே.

அய்செலாக மக்கள் நெஞ்சில் பதிந்த முகம் இங்கே நேர் எதிர் வேடத்தில் வருகிறது. கிராமத்துப் பெண், பொன்னிற முடி நாகரிகப் பெண் இரண்டையும் ஒரே நடிகையிடம் ரசிகர்கள் ஏற்றுக்கொண்டார்கள். நட்சத்திர அந்தஸ்து என்பது அங்கேதான் உறுதியானது.

"துருக்கியின் முதல் பெண் இயக்குநர்" என்பது சரியா?

சரி. ஆனால் முழு விவரத்தோடு சொல்ல வேண்டும். 1949-இல் "ஃபெதாகார் அனா" (தியாகத் தாய்) படத்தைச் செய்ஃபி ஹவாஏரியோடு சேர்ந்து இயக்கினார். 1951-இல் "வதன் வே நாமிக் கெமால்" படத்தைத் தலாத் அர்தெமெல், சாமி அயனோலு இருவரோடும் இயக்கினார். 1953-இல் "பெக்லெனென் ஷார்க்கி" படத்தை ஓர்ஹோன் அரிபுர்னு, சாமி அயனோலு ஆகியோரோடு. மூன்றிலும் கூட்டு இயக்கம். தனியாகப் பெயர் போட்ட படம் இந்தப் பட்டியலில் இல்லை.

"கூட இருந்த ஆண்கள்தான் இயக்கியிருப்பார்கள்" என்று சிலர் லேசாகத் தள்ளிவிடுவது நியாயமில்லை. மூன்று படத்திலும் கூட்டாளிகள் மாறுகிறார்கள். மாறாமல் நிற்கும் பெயர் இவருடையது. பிந்தைய இரண்டு படங்களுக்கும் பணம் போட்ட நிறுவனமும் இவருடையது.

"வதன் வே நாமிக் கெமால்" பற்றி ஒரு குறிப்பு. நாமிக் கெமால் எழுதிய தேசப்பற்று நாடகம் 1873 ஏப்ரல் 1 அன்று இஸ்தான்புல் கெதிக்பாஷா அரங்கில் மேடையேறியபோது பார்வையாளர்கள் கொதித்தெழுந்தார்கள். ஆட்சியாளர்கள் எழுத்தாளரைச் சைப்ரஸின் மகோசாவுக்கு நாடுகடத்தினார்கள். காதலனைப் பின்தொடர்ந்து ஆண் வேடத்தில் போர்க்களம் போகும் பெண்தான் அந்த நாடகத்தின் நாயகி. முதல் முறை சொந்தப் பணத்தைப் போடும் ஒருவர் எளிதில் ஓடும் காதல் கதையை விட்டுவிட்டு இதைத் தேர்ந்தெடுத்திருக்கிறார் என்பதைக் கவனியுங்கள்.

ஏன் சரியாக 1950 வாக்கில் சொந்த நிறுவனம் தொடங்கினார்?

வரிதான் முக்கியக் காரணம். 1948-இல் நகராட்சிக் கேளிக்கை வரி மாற்றப்பட்டது. உள்நாட்டுப் படத்துக்கு 25 சதவீதம், வெளிநாட்டுப் படத்துக்கு 70 சதவீதம். அதுவரை அமெரிக்க, எகிப்தியப் படங்களை இறக்குமதி செய்து டப்பிங் செய்து ஓட்டுவதே லாபமாக இருந்தது. வரி குறைந்ததும் தியேட்டர்க்காரர்களே உள்ளூர்ப் படம் கேட்கத் தொடங்கினார்கள். புதுத் தயாரிப்பாளர்கள் வரிசையாக வந்தார்கள். யெஷில்சாம் என்று பின்னால் பெயர் பெற்ற வணிக சினிமாவுக்கு விதை இங்கேதான். சோன்கு பிலிம் அந்த முதல் அலையில் வந்தது.

"பெக்லெனென் ஷார்க்கி" வசூலில் பெரிய வெற்றி என்கிறார்களே, காரணம் அவரா?

அவரும், ஸெகி முரெனும். 1951-இல் இஸ்தான்புல் வானொலியில் பாடி நாடெங்கும் புகழ் பெற்றிருந்த இளம் பாடகர் ஸெகி முரென். குரலை மட்டும் கேட்டவர்கள் ஆளைப் பார்க்கத் துடித்த நேரம். அவரைத் திரைக்கு முதலில் கொண்டுவந்தது இந்தப் படம். பாடகரை நாயகனாக வைத்துப் பாட்டுகளைச் சுற்றிக் கதை பின்னும் வழிக்குத் துருக்கியில் பெரிய சந்தை உண்டு என்பதை இது காட்டியது. யாரை அழைத்தால் கூட்டம் வரும் என்று கணித்தது தயாரிப்பாளர் ஜாஹிதேயின் வியாபார மூளை. நடிகையாக மட்டும் இவரை எடைபோடுபவர்கள் கோட்டைவிடும் இடம் இது.

அதே 1953-இல் அவருடைய குரு எர்துருல் "ஹாலிஜி கிஸ்" என்ற வண்ணப்படத்தை எடுத்துத் தோல்வி கண்டார். அதோடு படம் இயக்குவதையே நிறுத்தினார்.

நிறுவனம் எப்படி அழிந்தது? படச்சுருள்கள் ஏன் இவ்வளவு எளிதாகத் தீப்பிடித்தன?

1963-இல் தீ விபத்து. சோன்கு பிலிம் அதிலிருந்து மீளவில்லை. சிறு தயாரிப்பாளருக்கு நெகடிவ்தான் சொத்து: புது பிரிண்ட் போட்டு மறுபடி வெளியிடலாம், விற்கலாம், அடமானம் வைக்கலாம். அது போனால் எதுவும் மிஞ்சாது.

1950-களின் தொடக்கம் வரை உலகெங்கும் 35 மில்லிமீட்டர் படச்சுருள் நைட்ரேட்டால் ஆனது. அது எரியத் தேவையான ஆக்ஸிஜன் அதற்குள்ளேயே இருக்கிறது. அதனால் தண்ணீரில் முக்கினாலும், மணல் கொட்டினாலும் அணையாது. வெப்பமான, காற்றோட்டமில்லாத அறையில் வருடக்கணக்கில் கிடந்தால் முதலில் படம் மங்கும், பிறகு பிசுபிசுக்கும், கடைசியில் பழுப்புத் தூளாகும். அந்தக் கட்டத்தில் சாதாரண கோடை வெப்பமே அபாயம். 1959-இல் இஸ்தான்புல் நகராட்சியின் படக் கிடங்கு எரிந்ததில் துருக்கி சினிமாவின் தொடக்கக் காலப் படங்கள் நிறையப் போயின. ஒரு படத்தைத் தேடிக் கிடைக்கவில்லை என்றால் பெரும்பாலும் காரணம் இதுதான்.

கடைசிக் காலம்?

பணக்காரத் தொழிலதிபர் இஹ்சான் தோருக்கோடு நடந்த திருமணமும் முறிந்தது. தொழில் கைவிட்டது. குடிப்பழக்கம் முற்றியது. பெயோலு பகுதியின் மலிவான இடங்களில் நாள் கழித்தார். அவர் காலத்தில் திரைக்கலைஞருக்கு ஓய்வூதியம், காப்பீடு எதுவும் ஒழுங்காக இல்லை. நாடக அரங்கத்தில் நிலையாக இருந்த பெதியா முவஹ்ஹித் முதுமையில் அரசுக் கலைஞர் பட்டம் வரை பெற்றார். தனியாகத் தொழில் நடத்திய ஜாஹிதேவுக்குப் பின்னால் எந்த நிறுவனமும் நிற்கவில்லை. இருவரின் முடிவையும் குணத்தோடு மட்டும் முடிச்சுப் போடுவது தவறு.

பிறந்த ஆண்டு ஒவ்வொரு இடத்தில் ஒவ்வொன்றாக இருக்கிறதே?

அதிகம் புழங்குவது 1919, பிறந்த இடம் ஏமன். அதற்கு முந்தைய ஆண்டுகளும் அச்சில் உண்டு. 1919 என்று எடுத்தால் 1933-இல் திரைக்கு வந்தபோது வயது 14-க்கு மேல் வராது. எனவே முந்தைய ஆண்டுகளைச் சொல்பவர்களின் வாதத்தை ஒதுக்க முடியாது. கட்டுரை எழுதுகிறவர்கள் ஒரே ஆண்டை அடித்துச் சொல்லாமல் "1919 என்று சொல்லப்படுகிறது" என்று எழுதுவது நல்லது.

படங்களின் ஆண்டிலும் ஒன்று கூடக் குறைய வரும். "அய்செல்" சில பட்டியலில் 1934, சிலவற்றில் 1935. கோடையில் ஷூட்டிங், மறு ஆண்டில் வெளியீடு என்பதால் இந்தக் குழப்பம். எடுத்த ஆண்டா, வெளிவந்த ஆண்டா என்று குறித்துக்கொண்டால் தீர்ந்தது. 1926-க்கு முந்தைய ஆவணங்களில் ரூமி நாட்காட்டி (உஸ்மானிய அரசின் பழைய நாட்காட்டி) ஆண்டு இருந்தால் 584 கூட்டுங்கள்: 1339 என்றால் 1923.

நேரடி ஆதாரங்களை எங்கே தேடுவது?

நாடக வாழ்க்கைக்கு, நகர நாடகக் குழு 1930 முதல் வெளியிட்ட சொந்தப் பத்திரிகை. தினசரி விளம்பரங்களுக்கு 1924 முதல் வரும் "ஜும்ஹுரியெத்" நாளிதழ். படத்தின் உண்மையான வெளியீட்டு நாளைத் தியேட்டர் விளம்பரம்தான் சரியாகச் சொல்லும். பிற்கால நினைவுக் கட்டுரைகள் தடுமாறும். படச்சுருள்களுக்கு இஸ்தான்புல் மிமார் சினான் நுண்கலைப் பல்கலைக்கழகத்தின் திரைப்பட மையம்.

எந்த வரிசையில் பார்க்கலாம்?

முதலில் "அய்செல்". அடுத்து "ஷெஹ்வெத் குர்பானி". இரண்டையும் அடுத்தடுத்துப் பார்த்தால்தான் வீச்சு புரியும். மூன்றாவதாக "பெக்லெனென் ஷார்க்கி". இணையப் பிரதிகளில் ஒலி இரைச்சலாக இருக்கும், ஓரங்கள் வெட்டுப்பட்டிருக்கும். படச்சட்டம் ஏறக்குறைய சதுரமாக இருக்கிறதா என்று பாருங்கள். அகலத் திரைக்கு ஏற்ப இழுத்துவிட்ட பிரதியில் முகங்கள் தட்டையாகத் தெரியும். அவர் முகத்தில் செய்யும் சின்னச் சின்ன வேலைகள் எல்லாம் அதில் காணாமல் போய்விடும். அப்படிப்பட்ட பிரதியைத் தவிர்த்துவிட்டு, பிளேயரில் 4:3 அளவை வைத்துப் பாருங்கள்.